முப்பத்தாறு எட்டு முந்தினவ

ஒரு ஊர்ல ஒரு மலை, அந்த மலையில ஒரு இடுக்கு. ராசா இல்ல, ராணி இல்ல, பேசுற கிளி இல்ல, முதல்லயே சொல்லிப்புட்டேன். ம் கொட்டு. கொட்ட மாட்டியா? உங்க அப்பத்தா கதை சொன்னா மட்டும் வாய் நிறைய ம் வருதாமே? அவ கோயிலுக்குப் போயிருக்கா, வர ரெண்டு நாளாகும், அதுவரைக்கும் என் கதைதான் உனக்கு. என்னைச் சின்னப்பத்தான்னு கூப்பிடுற பாரு, அதுவே எனக்குப் பிடிக்கல. சின்ன என்ன சின்ன? அவளுக்கு நாலு வருசம் பின்னாடி பொறந்தது என் குத்தமா? சரி, மொகத்தைத் தூக்கி வச்சுக்காத. போர்வையைக் கழுத்து வரைக்கும் இழுத்துக்க. ம்? ஆங், அப்படி.

அந்த ஊருக்குப் பேரு ஓணாம்பாறை. மூணு வருசமா அங்க மழை இல்ல. கம்மாய் காஞ்சு, கெணறு காஞ்சு, மாடு கன்னு எல்லாம் எலும்பா நின்னுச்சு. கல்யாணம் காச்சி ஒண்ணும் இல்ல. கடைசியில என்ன செஞ்சாக தெரியுமா, வெதைக்குன்னு மொடாவுல வச்சிருந்த கம்பையும் எடுத்து இடிச்சு, கூழு காச்சிக் குடிச்சுப்புட்டாக. வெதையைத் தின்ன ஊரு எப்படி வெளங்கும்? நாளைக்கே மழை சோன்னு கொட்டினாலும் தூவுறதுக்கு ஒரு பிடி கெடையாது. ஊரே தலையில கையை வச்சுக்கிட்டு ஒக்காந்திருந்துச்சு.

அப்போ ஒருநா காலையில, ஒச்சுன்னு ஒரு ஆட்டுக்காரக் கெழவன், மலை அடிவாரத்துல நிக்கிறான். இடுக்குக்குள்ள இருந்து கிணிங் கிணிங்னு மணிச்சத்தம். என்னடான்னு பாத்தா ஒரு வெள்ளாடு அசைபோட்டுக்கிட்டே பைய நடந்து வருது. கழுத்துல இருக்கிற மணியப் பாத்ததும் ஒச்சுக்கு மேலெல்லாம் புல்லரிச்சுப் போச்சு. அது அவனோட தாத்தன் கையால கோத்துக் கட்டின மணி. தாத்தன் காலத்துல ஒரு மந்தை அந்த இடுக்குக்குள்ள போயி அன்னைக்கே திரும்பிருச்சாம், ஒரே ஒரு ஆடு மட்டும் மேஞ்சுக்கிட்டே பின்தங்கிப் போச்சாம். அந்த ஆடுதான் இது. தாத்தன் செத்து, அப்பன் செத்து, பேரன் கெழவனாகி நிக்கிறப்ப, நேத்துத் தொலைஞ்சது மாதிரி வந்து நிக்குது. அதைவிட என்னன்னா, அது வாயில பச்சைக் கம்பங்கதிர் ஒண்ணு கெடக்கு.

ம் எங்க? ஆங்.

ஊரே கூடிப்போச்சு. அந்தப் பக்கம் இருக்கிறது வேற ஊரு இல்ல, வேற காலம்னு ஒச்சு சொன்னான். நம்ம பாட்டன் பூட்டன் வெதைச்சு அறுத்த காலம் அந்தப் பக்கம் பச்சையாக் கெடக்கு, போனா வெதை கெடைக்கும்னான். ஆனா ஒரு சங்கதியும் சொன்னான். சேந்து போறவுக சேந்தே வரணும், பின்தங்குனா காலம் முழுங்கிரும், அந்த ஆட்டைப் பாருங்கன்னான். எத்தனை அடி, எத்தனை எட்டுப் பின்தங்குனா எத்தனை வருசம் போகும்னு மட்டும் அவனுக்கும் தெரியல. அதுவரைக்கும் ஒரு மனுசரும் அதுக்குள்ள போனதில்லைல்ல.

அப்போ நாட்டாமை எந்திரிச்சு நின்னு சொன்னாரு. யாரு அந்தக் கணவாயைக் கடந்துட்டு முதல்ல வெளிய வந்து கால் வைக்கிறாகளோ, அவுகளுக்குத்தான் இனிமே முத்தாலம்மன் கோயில்ல முதல் மரியாதை. பரிவட்டம் அவுக தலையிலதான், உடைச்ச தேங்காயில முதல் மூடி அவுக கையிலதான், கணவாய்க்கும் அவுக பேருதான்னாரு. உடனே ஊரு ஆம்பளைக எல்லாம் மீசையை முறுக்கிக்கிட்டுக் கெளம்பிட்டாக. பந்திக்கு முந்துறவுகளாச்சே. இடுக்குல போயி நொழைஞ்சு பாத்தா ஒருத்தருக்கும் தோளு நொழையல. பக்கவாட்டுல திரும்பினா வயிறு நொழையல. பஞ்சத்துலயும் எப்படி வயிறு வளத்தாகன்னு கேக்காத, ஆம்பளைக தின்னது போகத்தான் வீட்டுல மிச்சம். அது வேற கதை.

அந்த ஊர்ல பூவாயின்னு ஒரு பொம்பளை. புருசன் இல்ல, ரெண்டு பொண்ணுக. மூத்தவ சிலம்பாயி, பத்தொம்போது வயசு. இளையவ விருமாயி, பதினாறு. ரெண்டும் ஓலை மாதிரி ஒல்லி, இடுக்குல சரக்குனு நொழைஞ்சு திரும்பிட்டாளுக. அப்போ இவளுகதான் போகணும்னு ஆகிப்போச்சு. பொம்பளைக்குப் பரிவட்டமான்னு எவனோ முணுமுணுத்தான். ஏன், கட்டுனா தலையில நிக்காதா?

இந்த விருமாயியப் பத்திச் சொல்லணும். அவளுக்கு அக்கா மேல வயித்தெரிச்சல். சும்மா இல்ல, அடிவயித்துல இருந்து எரிச்சல். அந்த ஊர்ல ஒரு மொறை இருக்கு. மூத்தவ இருக்க இளையவ முந்தக் கூடாது. புதுக் கெணத்துல முதக் கொடம் மூத்தவ மொள்ளணும். புதுப் பாதையில முதக் காலு மூத்தவ வைக்கணும். புதுச் சேலை மூத்தவளுக்கு, அவ கட்டிக் கழிச்சது இளையவளுக்கு. பொறந்ததுல இருந்து விருமாயி பழைய சேலை, பழைய வளையல், ஆறிப்போன சோறு. மூத்தது மோழை இளையது காளைன்னு பழமொழி வேற சொல்லுவாக, காளைக்குத்தான் கழனித்தண்ணி. அந்தச் சிலம்பாயி கெட்டவளா? அதுவும் இல்ல. கெட்டவளா இருந்தா திட்டிட்டுப் போயிரலாமே. அவ அழகி, கெட்டிக்காரி, நல்லவ, எல்லாரும் அவ பேரையே சொல்லுவாக. அதான் தாங்க முடியல. எனக்குத் தெரியாதா அந்த எரிச்சல்?

வாழ்க்கையில ஒரே ஒரு தடவை அக்காவுக்கு முந்திரணும். அதுதான் விருமாயிக்கு வேணும். அதை மனசுல வச்சுக்கிட்டுத்தான் கெளம்பினா. ம்?

கெளம்புறப்ப ஒச்சுக் கெழவன் ரெண்டு பேரு முந்தானையையும் சேத்து இறுக்கி ஒரு முடிச்சுப் போட்டான். இந்த முடிச்சு இருக்கிற வரைக்கும் நீங்க ரெண்டு பேரும் ஒரே ஆளு, காலம் உங்களைப் பிரிக்காது, செத்தாலும் அவுக்காதீகன்னான். ஆத்தாக்காரி ரெண்டு பேரு நெத்தியிலயும் திருநீறு பூசி விட்டுச்சு. சிலம்பாயிக்குத்தான் முதல்ல. அப்புறம் ரெண்டு பேரும் உள்ள போனாளுக. சிலம்பாயி முன்ன, விருமாயி பின்ன.

உள்ள மூணு வளைவு. முத வளைவுல ஒரே இருட்டு. வவ்வா படபடன்னு அடிக்குது. தண்ணி சொட்டுற சத்தம் டொக் டொக்குன்னு கேக்குது, கையை நீட்டிப் பாத்தா சொட்டு மேல இருந்து விழுகல, கீழ இருந்து மேல போகுது. காலம் பின்னாடி போகுதுல்ல, அதான். அப்போ எங்கிட்டோ ஒரு கொரல் கேட்டுச்சு. அவுக ஆத்தா கொரல். ரெண்டு பேரும் சின்னப் பிள்ளைகளா வெளையாடிக்கிட்டு இருந்த காலத்துக் கொரல். சிலம்பாயீ, தங்கச்சியக் கூட்டிக்கிட்டு வாத்தான்னு கூப்பிடுது. சிலம்பாயி சிரிச்சா, ஆத்தா கொரலு எம்புட்டு எளசா இருக்குன்னா. விருமாயிக்குச் சிரிப்பு வரல. எப்பவும் இப்படித்தான் கூப்பிட்டுச்சு ஆத்தா, என் பேரு அது வாயில வந்ததே இல்லையேன்னு அவளுக்கு அப்பத்தான் ஒறைச்சுச்சு. தங்கச்சியாம் தங்கச்சி. பல்லைக் கடிச்சுக்கிட்டு நடந்தா.

அப்புறம் ரெண்டாவது வளைவு. அங்க பாறையில கை நொழையிற அளவு ஒரு விரிசல், அதுவழியா வெளிச்சம் வருது. கிரீச் கிரீச்சுன்னு சத்தம். ரெண்டு பேரும் கண்ணை வச்சுப் பாத்தாளுக. அவுக வீடு. கூரை புதுசா வேஞ்சிருக்கு. விட்டத்துல தொட்டி கட்டியிருக்கு, அதுல ஒரு பச்சைப்பிள்ளை. அவுக ஆத்தா அதை ஆட்டிக்கிட்டு இருக்கு, சின்னப் பொண்ணா, கை நிறைய செவப்பு வளையல் போட்டுக்கிட்டு. பக்கத்துல அவுக அப்பன் ஏதோ சொல்றாரு. ஆத்தா சிரிக்குது. எப்படிச் சிரிக்குது தெரியுமா, தலையைப் பின்னாடி போட்டு, கண்ணுல தண்ணி வர்ற மாதிரி.

அந்தப் பிள்ளை நானான்னு விருமாயி கேட்டா. ஆசையாத்தான் கேட்டா. சிலம்பாயி விரிசல்ல இருந்து கண்ணை எடுக்காமலே, இல்லடி, அது நான், நீ அப்போ ஏதுன்னா.

நீ அப்போ ஏது. அந்த வார்த்தை விருமாயி நெஞ்சுல போயி குத்திருச்சு. அவ பொறக்குறதுக்கு முந்தியே அப்பன் செத்துட்டாரு. அவளுக்குத் தெரிஞ்ச ஆத்தா சிரிக்காத ஆத்தா. அந்தச் சிரிப்பு இருந்த மூணு வருசமும் அக்காவுக்கு மட்டும். பழைய சேலையாச்சும் கெடைச்சுச்சு, பழைய சிரிப்பு ஒண்ணு கூட மிச்சம் வரலையேன்னு நெனைச்சு நெனைச்சு புழுங்கினா. அழுகலாம்னு பாத்தா அக்கா முன்னாடி அழுகவும் பிடிக்கல. நீயும் ஒரு நாளு நெனைச்சுப் பாரு, நீ பொறக்குறதுக்கு முந்தி உங்க வீட்டுல எல்லாரும் சந்தோசமா இருந்தாகன்னு. நெனைக்கவே நல்லாவா இருக்கு? தூங்கிட்டியா? ம்னு சொல்லு பின்ன.

அப்புறம் மூணாவது வளைவு. அதைத் தாண்டினதும் பளிச்சுனு வெளிச்சம். யாத்தே, கண்ணு கூசுது. எங்க பாத்தாலும் கம்பங்காடு, ஆளு ஒசரத்துக்குக் கதிரு. காத்து அடிச்சா சரசரன்னு ஒரே சத்தம். களத்துல ஒரு பொம்பளை கதிர் அடிச்சுக்கிட்டு நின்னா. எந்தக் காலத்துப் பூட்டியோ யாரு கண்டா. இவளுக போயி, நாங்க உங்க வம்சம்தான், பின்னாடி வரப்போறவுக, வெதை இல்லாமச் சாகுறோம்னு சொன்னாளுக. அந்தப் பொம்பளை நம்பினாளோ நம்பலையோ, பசிச்ச மூஞ்சி பசிச்ச மூஞ்சிதான? மொறத்துல வெதைக் கம்பை அள்ளிக்கிட்டு வந்தா. ரெண்டு பேருமே ஓடிப்போயி மடியை விரிச்சு நின்னாளுக.

அந்தப் பொம்பளை ரெண்டு பேரையும் மாத்தி மாத்திப் பாத்தா. உங்கள்ல மூத்தவ யாருன்னு கேட்டா. சிலம்பாயி நான்தான்னா. மூத்த மடியில விழுந்த வெதைதான் மொளைக்கும்னு சொல்லி, மொறம் மொத்தத்தையும் அவ மடியில கொட்டிட்டா. அந்தக் காலத்துலயே அந்த மொறை இருந்திருக்கு பாரு. விருமாயி விரிச்ச மடியோட அப்படியே நின்னா. ஒரு மணி கூட அதுல விழுகல. கொஞ்ச நேரம் கழிச்சு, யாரும் பாக்காத மாதிரி சேலையை உதறிச் சரி பண்ணிக்கிட்டா.

அப்புறம் திரும்பணும்ல. சிலம்பாயிக்கு ரெண்டு கையும் மடியப் பிடிச்சிருக்கு, சுவத்தைத் தடவ முடியாது. அதனால விருமாயிய முன்ன போகச் சொன்னா. வழி பாத்துச் சொல்லுடின்னா. விருமாயி முன்ன போனா. கல்லு இருக்கு, குனிஞ்சுக்க. பள்ளம் இருக்கு, தாண்டிக்க. இப்படிச் சொல்லிக்கிட்டே போறா. கால் கட்டைவெரலு கல்லுல இடிச்சு ரத்தம். தலை மடார்னு பாறையில முட்டுது. வவ்வா எச்சமெல்லாம் அவ தலையில. அக்கா மேல ஒண்ணும் படல, அக்கா சேலை கூடக் கசங்கல. மூணு வளைவும் அப்படியே தாண்டினாளுக. ம்?

கடைசியில தூரத்துல வாசல் தெரியுது, வெளிச்சம் பொட்டு மாதிரி. வெளிய டும் டும்னு மேளம். அந்த இடத்துல இடுக்கு கொஞ்சம் அகலம், ரெண்டு ஆளு மாறி நிக்கலாம். சிலம்பாயி நின்னா. நில்லுடி, இங்க மாறிக்குவோம், மூத்தவ நான் முதல்ல எறங்கணும்ல, இல்லைன்னா ஊரு நம்ம ஆத்தாவத்தான் பேசும்னா. அவ கெட்ட எண்ணத்துல சொல்லல. மொறை அது. சூரியன் கெழக்க வர்ற மாதிரி அவளுக்கு.

ஆனா விருமாயிக்கு எப்படி இருந்திருக்கும்? இருட்டு எல்லாம் எனக்கு, வெளிச்சம் வந்ததும் ஒனக்கா? கல்லு எனக்கு, பரிவட்டம் ஒனக்கா? இத்தனை நாளு குடிச்ச ஆறின கூழு மொத்தமும் அவ தொண்டைக்கு வந்துருச்சு. முடிச்சு பாறையில மாட்டிக்கிருச்சு, கொஞ்சம் இரு அக்கா, எடுத்து விடுறேன்னு பொய் சொன்னா. குனிஞ்சா. முடிச்சை அவுத்தா. ஒச்சு சொன்னது ஞாபகம் இல்லாம இல்ல, இருந்துச்சு. நாலு எட்டுல என்ன ஆயிரப் போகுதுன்னு நெனைச்சா. அவுத்துட்டு ஓடினா. ஏய்னு பின்னாடி ஒரு சத்தம். திரும்பல. விறுவிறுன்னு, தபதபன்னு, ஒரே ஓட்டமா ஓடி வாசல்ல பொத்துனு குதிச்சா.

மேளம் டும்டும்டும்னு அதிருது. நாட்டாமை பட்டுத் துணிய எடுத்து அவ தலையில பரிவட்டம் கட்டினாரு. தேங்காய் முத மூடி அவ கையில. ஊரே விருமாயி விருமாயின்னு கத்துது. அம்மாடி, அந்த ஒரு நிமிசம் அவளுக்கு எப்படி இருந்துச்சு தெரியுமா? நானா இருந்தா ஆடியிருப்பேன். அவ சட்டுனு திரும்பிப் பாத்தா. எதுக்கு? அக்கா மூஞ்சிய பாக்கணும். அக்கா பாத்துப் பொசுங்கணும். அதுக்குத்தான எல்லாம். வாசல்ல யாரும் இல்ல.

வெதை எங்கன்னு நாட்டாமை கேட்டாரு. அக்கா மடியில இருக்கு, பின்னாடியே வருதுன்னு சொன்னா. காத்திருந்தாக. வெயில் ஏறுச்சு, எறங்குச்சு. யாரும் வரல. ஆத்தாக்காரி வந்து விருமாயி முந்தானையத் தூக்கிப் பாத்துச்சு. முடிச்சு இல்ல. தூக்கின முந்தானையக் கீழ விட்டுட்டு மலையப் பாத்து ஒக்காந்துருச்சு.

உள்ள போயி கூட்டிக்கிட்டு வரலாமேங்குறியா? போகாமலா இருப்பா. மூணு தடவை போனா. முதத் தடவை போயி அந்த அகலமான இடத்துல தேடினா, ஆளு இல்ல, அக்கா கை வளையல் சத்தம் மட்டும் கலகலன்னு கேட்டுச்சு. ரெண்டாந்தடவை சத்தம் வந்த இடத்துல கையால துழாவினா, வெறும் காத்து. மூணாந்தடவை, வர்றப்ப வரட்டும்னு அங்கயே கொஞ்ச நேரம் ஒக்காந்துட்டு வெளிய வந்தா, ஊர்ல ஆறு மாசம் போயிருச்சு. ஒச்சு அவ கையப் பிடிச்சுக்கிட்டான். நீ இப்படி உள்ள போயிப் போயி வந்தா, உங்க அக்கா வர்றப்ப நீ எந்தக் காலத்துல இருப்பியோ, வாசல்லயே நில்லு, வாசல்ல நிக்கிறவளுக்குத்தான் வர்றவ கெடைப்பான்னான்.

அப்போ இருந்து அவ தெனம் வாசல்ல வந்து காதை வச்சுக் கேட்டா. ஒரு வருசம் ஆச்சு. அந்த வளையல் சத்தம் ஒரு எட்டு கிட்ட வந்திருந்துச்சு. ரெண்டு வருசம் ஆச்சு, ரெண்டு எட்டு. அவளுக்குப் புரிஞ்சு போச்சு. ஒரு எட்டுக்கு ஒரு வருசம். அப்புறம் ஒரு கயித்துல கல்லைக் கட்டி அந்த அகலமான இடம் வரைக்கும் எறிஞ்சு, கயித்த இழுத்து, தான் ஓடின ஓட்டத்தை அளந்து பாத்தா. முப்பத்தாறு எட்டு. அக்காவுக்கு முந்தி அவ ஓடினது முப்பத்தாறு எட்டு.

முப்பத்தாறு வருசம். வெளங்குதா? உங்க அப்பன் வயசு. ம்.

ஊரு பொழைச்சுக்கிருச்சு. ஊருன்னா எப்படியும் பொழைச்சுக்கும். மழை பேஞ்சுச்சு, பக்கத்து ஊர்ல வெதை கெஞ்சி வாங்கிட்டு வந்தாக. நாட்டாமை சொன்ன சொல்லு மாறல, வருசா வருசம் முதல் மரியாதை விருமாயிக்குத்தான். பரிவட்டம் கட்டுறப்ப எல்லாம் அவ கண்ணு கூட்டத்துல தேடும். அக்கா பாக்காத பரிவட்டம் என்ன பரிவட்டம்? வெறும் துணி. வீட்டுக்கு வந்து அவுத்து மடிச்சு வைப்பா. ஒரு பெட்டி நெறைஞ்சு போச்சு.

எரிச்சல் போச்சாங்குற? எங்க போகும். கணவாய்க்கு விருமாயி கணவாய்னுதான் நாட்டாமை பேரு வச்சாரு. வெறகு பொறுக்கப் போற பொம்பளைக என்ன சொன்னாளுக? சிலம்பாயி உள்ள இருக்கிற கணவாய்னு சொல்ல ஆரம்பிச்சு, அப்புறம் சிலம்பாயி கணவாய்னே ஆயிப்போச்சு. வெள்ளிக்கெழமை வெளக்கு வச்சாளுக. ஊர்ல பொறக்குற பொண்ணுக்கு எல்லாம் சிலம்பாயின்னு பேரு. தெருவுல நின்னு சிலம்பாயின்னு கூப்பிட்டா பதினோரு பிள்ளைக திரும்பும். விருமாயின்னு ஒரு பிள்ளைக்கு வைக்கலையே. இருக்கிறவளுக்கு என்ன மரியாதை, இல்லாதவளுக்குத்தான் எல்லாம். அதைப் பாத்துப் பாத்து விருமாயி வயிறு இன்னும் எரிஞ்சுச்சு.

அதைவிட ஆத்தா. இனிமே ஆத்தா அவளுக்கு மட்டும்தான். அக்காவுக்குக் கெடைச்சது மூணு வருசம், இவளுக்கு இருபத்தஞ்சு வருசம். தலை சீவி விட்டா, கால் பிடிச்சு விட்டா, சூடா ஊட்டி விட்டா. ஆத்தா வாயத் தொறந்து வாங்கிக்கும், கண்ணு மட்டும் மலை மேலயே இருக்கும். திட்டினாலாச்சும் தேவலை, ஒரு வார்த்தை திட்டல. சிரிக்க வைக்க என்னென்னமோ செஞ்சு பாத்தா, சிரிக்கல. சாகப்போற அன்னைக்கு விருமாயி கையப் பிடிச்சுக்கிட்டு, சிலம்பாயி வந்தா சோறு எடுத்து வையின்னு சொல்லிட்டுக் கண்ண மூடிருச்சு. அன்னைக்கு விருமாயி ஆத்தாவுக்காக அழுதாளா, தனக்காக அழுதாளா, அவளுக்கே தெரியாது.

மாப்பிள்ளை கேட்டு வந்தாக, வேண்டாம்னுட்டா. வாசல விட்டுட்டு எங்க போறது? தலை நரைச்சுச்சு. முன்பல்லு ரெண்டு போச்சு. ஊர்ல எல்லாரும் அவளை ஆத்தான்னும் பெரியாத்தான்னும் கூப்பிட ஆரம்பிச்சாக. ஒச்சுக் கெழவன் போயிட்டான், நாட்டாமை போயி அவரு மகன் வந்தான். முப்பத்தாறாவது வருசம், பங்குனி மாசம், வெயில் ஏறுற நேரம். வளையல் சத்தம் கலகலன்னு வாசல்லயே கேக்குது. கேளு, இதுதான் முக்கியம், இப்பத் தூங்கிராத.

இடுக்குல இருந்து சிலம்பாயி வெளிய வந்தா. பத்தொம்போது வயசு. சேலை கசங்கல. மடி நெறைய வெதை. மூஞ்சி கோவத்துல செவந்து கெடக்கு, அவளுக்கு எல்லாம் இப்பத்தான நடந்தது. வாசல்ல ஒரு கெழவி நிக்கிறதப் பாத்தா.

"ஏ கெழவி, இப்ப ஒருத்தி ஓடியாந்தாளே, எந்தப் பக்கம் போனா? கையில சிக்கட்டும், தோலை உரிக்கிறேன்"ன்னு கேட்டா.

என்ன சொல்லணும்னு முப்பத்தாறு வருசமா நெனைச்சு வச்சிருந்தா விருமாயி. அழகழகா வச்சிருந்தா. எல்லாத்தையும் விட்டுட்டு, முதுகத் திருப்பிக் காமிச்சு நின்னா.

"நான்தான் ஓடியாந்தேன். என்னை அடி அக்கா"ன்னா.

சிலம்பாயி கையை ஓங்கினா. ஓங்கின கை அப்படியே நின்னுச்சு. நரைச்ச தலையப் பாத்தா. சுத்தி வந்து மூஞ்சியப் பாத்தா. மடியப் பிடிச்ச கை நழுவி, வெதையெல்லாம் சடசடன்னு கீழ கொட்டிப் போச்சு. ஆத்தா எங்கன்னு கேட்டா. போயிருச்சு, பதினோரு வருசம் ஆச்சுன்னு விருமாயி சொன்னா. சிலம்பாயி மண்ணுல ஒக்காந்துட்டா. வெரலு விட்டுக் கணக்குப் போட்டா. அப்புறம் நிமுந்து பாத்தா.

"அப்போ இருபத்தஞ்சு வருசம் ஆத்தாவ நீ மட்டும் வச்சிருந்தியாடி?"ன்னா.

அந்தக் கண்ணுல எரிஞ்சுச்சு. என்ன எரிஞ்சுச்சுன்னு விருமாயிக்குத் தெரியாதா? பொறந்ததுல இருந்து அவ வயித்துல எரிஞ்சது அதுதான. அக்கா தன்னைப் பாத்துப் பொறாமைப்படணும்னுதான அந்த ஓட்டம் ஓடினா. இதோ வந்துருச்சு. ஆமாக்கா, எனக்கு மட்டும்தான், என் கையாலதான் சாப்பிட்டுச்சுன்னு சொல்லிட்டா போதும், ஜெயிச்ச மாதிரிதான். நானா இருந்தா சொல்லியிருப்பேன், ஒளிக்க என்ன இருக்கு.

"நான் வச்சிருந்தேன்க்கா. ஆனா அது என்னைப் பாக்கல, ஒன்னையத்தான் பாத்துக்கிட்டு இருந்துச்சு"ன்னா விருமாயி.

சொல்லிட்டு, அவளும் மண்ணுல ஒக்காந்துட்டா. சிலம்பாயி அழுதா. ஏங்கி ஏங்கி அழுதா. அழுது முடிச்சு மூக்கைச் சிந்திட்டு, கெழவிய ஏற இறங்கப் பாத்தா.

"எந்திரிடி, வெதைய அள்ளு"ன்னா.

டீ போட்டுக் கூப்பிட ஆளு வந்துருச்சு பாரு. ஊர்ல அத்தனை பேரும் பெரியாத்தா பெரியாத்தான்னு கும்பிட்டாக, இத்தனை வருசத்துல ஒருத்தி அவளை டீ போடல. விருமாயி எந்திரிச்சா. முட்டியப் பிடிச்சுக்கிட்டுத்தான் எந்திரிச்சா. ரெண்டு பேரும் குனிஞ்சு மண்ணுல கெடந்த கம்பை ஒண்ணொண்ணா பொறுக்கினாக. பக்கத்துல குனிஞ்ச அக்கா தலையில ஒரு நரை இல்ல, கருகருன்னு இடுப்பு வரைக்கும் கெடக்கு. பல்லு வரிசையா இருக்கு. இப்பவும் இவதான் அழகின்னு விருமாயிக்கு வயிறு குபுகுபுன்னு எரிஞ்சுச்சு. எரியட்டும்னு விட்டுட்டு, அக்கா முந்தானைய எடுத்து தன் முந்தானையோட சேத்துக் கையில சுத்திப் பிடிச்சுக்கிட்டா. அப்புறம் சாகுற வரைக்கும் எரிஞ்சுச்சு. பிடிச்ச கைய மட்டும் விடல.

ம்?

ம்னு சொல்ல மாட்டியா?

சரி, நல்லதாப் போச்சு. மலை போச்சு மலைக்கு, கதை போச்சு காத்துக்கு, கண்ணு ரெண்டும் போகட்டும் தூக்கத்துக்கு.